ஆச்சியின் காது எங்கே போனது?

நீங்கள் கேட்டதை நான் புரிந்துகொண்டபடி முதலில் சொல்லிவிடுகிறேன். வீட்டில் ஆச்சிக்கு இருப்பது ஒரே ஒரு படம். 1950-களில் திருநெல்வேலிப் பக்கம் ஏதோ ஒரு ஸ்டூடியோவில் எடுத்தது. ஆச்சி நாற்காலியில் உட்கார்ந்திருக்கிறார், மடியில் கைக்குழந்தையாக உங்கள் அம்மா. அந்தப் படத்தை உங்கள் தம்பி ஏஐ செயலியில் போட்டுத் தெளிவாக்கி, வண்ணமும் ஏற்றி, குடும்ப வாட்ஸ்அப் குழுவில் போட்டிருக்கிறார். எல்லோருக்கும் பிடித்துப்போய், பெரிதாக்கிச் சட்டம் போட்டு மாட்டப்போகிறார்கள். பழையதில் கறையும் கீறலும்தானே இருக்கிறது, அதை வைத்துக்கொண்டு என்ன செய்யப் போகிறாய் என்று உங்களைக் கேட்கிறார்கள். உங்களுக்கு மட்டும் புதிய படத்தில் ஆச்சியைக் காணவில்லை. "நான்தான் பழசைப் பிடித்துத் தொங்குகிறேனா, இல்லை, நிஜமாகவே ஏதோ தொலைந்துபோயிருக்கிறதா?" இதுதான் உங்கள் கேள்வி.

தொலைந்துபோயிருக்கிறது. நீங்கள் இணைத்திருந்த இரண்டு படங்களையும் பக்கத்தில் பக்கத்தில் வைத்துப் பார்த்துவிட்டுத்தான் சொல்கிறேன். ஆனால் உங்கள் கேள்விக்குள் இன்னொரு கேள்வி இருக்கிறது. ஒரு படத்தில் எது குறை, அதைக் குறை என்று தீர்மானிப்பது யார்? என் தொழில் முழுக்க இந்தக் கேள்வியோடுதான் போயிருக்கிறது, அதனால் கொஞ்சம் நீளமாகவே எழுதுகிறேன்.

1994-ல் தென்மாவட்டத்துச் சிறிய ஊர் ஒன்றில், ஸ்டூடியோவில் டச்சிங் பையனாகச் சேர்ந்தேன். பிறகு கணினிக்கு மாறி, இன்றுவரை குடும்பங்களின் பழைய படங்களை ஸ்கேன் செய்து பழுது பார்ப்பதே வேலை. மூளையைப் பற்றியோ நிரல் எழுதுவதைப் பற்றியோ படித்தவன் இல்லை. அந்தப் பக்கம் நான் சொல்வது வாசித்துத் தெரிந்துகொண்டது, படங்களைப் பற்றிச் சொல்வது கைப்பழக்கத்தில் வந்தது. இரண்டையும் ஒரே எடையில் எடுத்துக்கொள்ள வேண்டாம்.

படத்தைத் திருத்துவது ஏஐ வந்த பிறகு தொடங்கிய வேலை இல்லை. அந்த ஸ்டூடியோவில் நான் முதலில் கற்றுக்கொண்டதே முகத்தைத் திருத்துவதுதான். நெகட்டிவை ஒரு சாய்வு மேசையின் கண்ணாடியில் வைத்து, பின்னாலிருந்து வெளிச்சம் விழச் செய்து, உப்புத்தாளில் ஊசி முனையாகத் தீட்டிய பென்சிலால் மெல்லத் தொட வேண்டும். முகத்தில் கறுப்பாக இருக்கும் பரு நெகட்டிவில் வெளிறித் தெரியும். அந்த இடத்தைப் பென்சில் கரியால் நிரப்பினால் பிரிண்டில் பரு மறைந்துவிடும். நான் உற்சாகமாக ஒரு மாப்பிள்ளைப் படத்தில் எல்லாப் புள்ளிகளையும் நிரப்பிக்கொண்டிருந்தபோது, முதலாளி அண்ணாச்சி பென்சிலைப் பிடுங்கிவிட்டார். "மச்சத்தத் தொடாதல. பரு ஒரு வாரத்துல போயிரும், மச்சம் சாவுற வரைக்கும் கூட வரும். மச்சம் இல்லாம குடுத்தா இது எம்புள்ளையே இல்லேன்னு அவங்க அம்மை சண்டைக்கு வருவா" என்றார். வந்துபோவதைத் தொடலாம், கூடவே இருப்பதைத் தொடக் கூடாது. அதன் பிறகு எந்தப் புத்தகத்திலும் இதைவிட நல்ல விதி எனக்குக் கிடைக்கவில்லை.

நம் பள்ளிச் சான்றிதழ்களை நினைத்துப் பாருங்கள். அங்க அடையாளம் இரண்டு எழுதச் சொல்வார்கள். வலது கன்னத்தில் ஒரு மச்சம், இடது முழங்காலில் ஒரு தழும்பு என்று வாத்தியார் நம்மைத் திருப்பித் திருப்பிப் பார்த்து எழுதுவார். ஒருபக்கம் மாசு மறுவற்ற முகம் என்று புகழ்கிறோம், மறுபக்கம் ஆளை அடையாளம் காண மறுவைத்தான் தேடுகிறோம். அண்ணாச்சிக்கு இந்த இரண்டுமே தெரிந்திருந்தது. முகத்தில் கைவைக்கும் முன் வாடிக்கையாளரைக் கேட்பார். உங்கள் தம்பியின் செயலி யாரையும் கேட்கவில்லை. அது கேட்கவும் முடியாது.

அது எப்படி வேலை செய்கிறது என்பதைக் கொஞ்சம் பார்க்கலாம், ஏனென்றால் அங்கேதான் ஆச்சியின் காது போயிருக்கிறது. தம்பி சட்டத்துக்குள் இருந்த படத்தை அலைபேசியில் எடுத்து, அது வாட்ஸ்அப் வழியாகப் போய், இறக்கிய பிரதியைச் செயலியில் போட்டதாக எழுதியிருக்கிறீர்கள். வாட்ஸ்அப் படத்தைப் பொதுவாகச் சுருக்கித்தான் அனுப்பும். அப்படிச் சுருக்கப் பயன்படும், 1992-லிருந்து புழக்கத்தில் இருக்கும் ஜேபெக் முறை படத்தை எட்டுக்கு எட்டுப் புள்ளிக் கட்டங்களாகப் பிரித்து, நுணுக்கமான விவரங்களை முதலில் தள்ளிவிடும். தோலின் சொரசொரப்பு, முடியிழை, நகையின் வேலைப்பாடு எல்லாம் அதில் அடக்கம். நீங்கள் இணைத்த பிரதியில் ஆச்சியின் முகம் குறுக்கே சுமார் 60 புள்ளிகள்தான் வருகிறது. செயலி கொடுத்த படத்தில் அதே முகம் 600 புள்ளிகள். அகலத்தில் பத்து மடங்கு, உயரத்தில் பத்து மடங்கு. அதாவது ஒரு புள்ளி இருந்த இடத்தில் இப்போது நூறு. அந்த நூறில் 99-ம் உங்கள் ஆச்சியின் படத்திலிருந்து வந்தவை இல்லை.

அப்படியானால் எங்கிருந்து வந்தன? இந்த மாதிரி நிரல்களுக்குத் தெளிவான முகங்களைக் கொடுத்து, அவற்றையே மங்கலாக்கிக் கொடுத்து, மங்கலிலிருந்து தெளிவுக்குப் போகப் பழக்குகிறார்கள். முகத்தைச் சீராக்கும் ஜிஎஃப்பிகான் போன்ற நிரல்கள், என்விடியா நிறுவனம் 2019-ல் வெளியிட்ட 70,000 முகங்கள் கொண்ட ஒரு தொகுப்பில் பழகியவை. அந்த முகங்கள் ஃப்ளிக்கர் தளத்திலிருந்து எடுக்கப்பட்டவை. ஃப்ளிக்கர் தொடங்கியது 2004-ல். டிஜிட்டல் கேமராவில் எடுத்து இணையத்தில் ஏற்றியவர்களின் முகங்கள் அவை. பாம்படம் என்ற கனத்த காதணி போட்ட காது அங்கே எத்தனை கிடைத்திருக்கும்? தம்பி பயன்படுத்திய செயலி எந்தத் தொகுப்பில் பழகியது என்பது அதை விற்பவர்களுக்குத்தான் தெரியும். ஆனால் விளைவு ஒரே மாதிரி. மங்கலான ஓர் உருவத்தைக் கண்டால் தான் அதிகம் பார்த்த முகத்தின் பக்கம் அதை இழுக்கும். 2020-ல் டியூக் பல்கலைக்கழகத்தில் உருவான பல்ஸ் என்ற நிரலுக்குப் பராக் ஒபாமாவின் மங்கலான சிறு படத்தைக் கொடுத்தார்கள். வெளியே வந்தது ஒரு வெள்ளைக்காரரின் முகம்.

இப்போது உங்கள் இரண்டு படங்களையும் திரும்பப் பாருங்கள். பழையதில் ஆச்சியின் காது மடல் தோளை நோக்கி நீண்டு இறங்கி, அதன் முனையில் பாம்படம் கனமாகத் தொங்குகிறது. புதியதில் மடல் சின்னதாகி, அதில் முத்துப் போல ஒரு தோடு ஒட்டியிருக்கிறது. தொங்கிய பாம்படம் கழுத்தோரம் முடிக்கற்றை மாதிரி கரைந்துபோயிருக்கிறது. சிறு வயதில் காது குத்தி, ஓலைச்சுருளை வைத்துத் துளையைப் பெரிதாக்கி, குணுக்கு என்ற கனமான வளையம் போட்டு, வருடக்கணக்கில் வலி பொறுத்து வளர்த்த காது அது. ஆச்சியின் தலைமுறையில் அது அழகு, வசதிக்கு அடையாளம். அடுத்த தலைமுறையில் அதுவே பட்டிக்காட்டுத்தனம் ஆயிற்று. பட்டணத்து மருமகள்கள் முன்னால் கூசி, டாக்டரிடம் போய் மடலை அறுத்துத் தைத்துக்கொண்ட பெண்கள் எங்கள் பக்கம் ஏராளம். உங்கள் ஆச்சி கடைசிவரை தைத்துக்கொள்ளவில்லை என்று எழுதியிருக்கிறீர்கள். அவர் உயிரோடு இருந்தவரை மறுத்த அறுவையைச் செயலி இப்போது செய்து முடித்திருக்கிறது. உங்களுக்கு இது ஆச்சி இல்லை என்று பட்டதற்கு இந்த ஒன்றே போதும்.

மடியில் இருக்கும் குழந்தையின் கன்னத்தையும் பாருங்கள். பழையதில் பெரிய கறுப்புப் பொட்டு. அது திருஷ்டிப் பொட்டு. குழந்தை குறையே இல்லாமல் இருந்தால் கண்பட்டுவிடும் என்று, ஆச்சி தன் விரலால் வேண்டுமென்றே வைத்த குறை. செயலிக்கு அது அழுக்கு, துடைத்துவிட்டது. இதே காரியத்தை என் கையாலும் ஒருமுறை செய்திருக்கிறேன். 2000-த்தின் தொடக்கத்தில், கணினி புதிது, ஒரு பழைய குழந்தைப் படத்தில் கன்னத்துக் கறையை நீக்கிக் கொடுத்துவிட்டேன். வாங்க வந்த பாட்டி படத்தைக் கண்ணுக்கு அருகில் வைத்துப் பார்த்து, "பொட்டு வச்சுத்தாம்யா கூட்டிட்டுப் போனேன்" என்றார். பணத்தைக் கொடுத்துவிட்டு மறுபடி, "வச்சுத்தான் கூட்டிட்டுப் போனேன்" என்றார். ஐம்பது வருடம் கழித்தும், பிள்ளையைப் பொட்டில்லாமல் வெளியே கூட்டிப்போனவளாக அவரை நான் ஆக்கிவிட்டது அப்போதுதான் உறைத்தது. அன்றைக்கே திருத்திக் கொடுத்தேன்.

இதுவரை சொன்னது நிச்சயமானது. ஆச்சியின் கன்னத்துப் புள்ளிகளைப் பற்றி அப்படிச் சொல்ல முடியாது. அவை அம்மைத் தழும்பாக இருக்கலாம், காகிதத்தில் பூத்த பூஞ்சையாகவும் இருக்கலாம். அலைபேசிப் படத்தை வைத்து என்னால் பிரிக்க முடியவில்லை. அசலைச் சட்டத்திலிருந்து எடுத்து, ஜன்னல் வெளிச்சம் பக்கவாட்டில் விழும்படி சாய்த்து, லென்ஸ் வைத்துப் பாருங்கள். பூஞ்சை காகிதத்தின் மேல் உட்கார்ந்திருக்கும், சாய்க்கும்போது அந்த இடத்தின் பளபளப்பு மட்டும் மாறும். முகத்தில் மட்டுமில்லாமல் சேலையிலும் பின்திரையிலும் பரவியிருக்கும். தழும்பாக இருந்தால் படத்துக்குள்ளேயே இருக்கும், ஸ்டூடியோ விளக்கு எந்தப் பக்கமோ அந்தப் பக்கம் ஒவ்வொரு குழியிலும் சிறு நிழலும் எதிர்ப்பக்கம் சிறு வெளிச்சமும் தெரியும். அதையும்விட நல்ல வழி, ஆச்சியைக் கண்ட பெரியவர்களைக் கேட்பது.

ஏன் இவ்வளவு மெனக்கெட வேண்டும் என்றால், அந்தப் புள்ளிகள் தழும்பாக இருந்தால் அது உங்கள் ஒரு வீட்டுக் கதை மட்டும் இல்லை. இந்தியாவில் பெரியம்மை 1975-ல்தான் ஓய்ந்தது. 1980 மே மாதம் உலகமே அதிலிருந்து விடுபட்டது என்று உலக சுகாதாரப் பேரவை அறிவித்தது. அதற்கு முன் பிறந்த தலைமுறையில், பிழைத்தவர்களின் முகத்தில் அந்த வடு இருந்தது. எங்கள் ஸ்டூடியோவின் பழைய நெகட்டிவ் பெட்டிகளில் அப்படிப்பட்ட முகங்கள் கட்டுக்கட்டாக இருந்தன. உங்கள் தம்பி ஒரு படத்தை வழவழப்பாக்கினால் அது ஒரு குடும்பத்தின் விருப்பம். லட்சம் வீடுகளில் ஒரே நேரத்தில் ஒரே வகை நிரல் ஒரே காரியத்தைச் செய்தால், ஒரு கொள்ளைநோய் ஊர்களைக் கடந்துபோன தடயம் படங்களிலிருந்து போய்விடும். அண்ணாச்சி தவறு செய்திருந்தால் ஓர் ஊரோடு போயிருக்கும், அடுத்த ஊர் டச்சிங்காரர் வேறு மாதிரி செய்திருப்பார். இப்போது அந்த வேற்றுமையும் இல்லை. எனக்கு இதில் உள்ள பயம் இதுதான்.

வண்ணம் பற்றி ஒரு வார்த்தை. கறுப்பு வெள்ளையில் பச்சையும் அரக்கும் ஒரே சாம்பலாக விழக்கூடும். ஆச்சியின் சேலை நீலம் என்று செயலி சொல்வது வெறும் ஊகம், படத்திலிருந்து அதைக் கண்டுபிடிக்க எந்தக் கருவியாலும் முடியாது. படம் பதிக்கப் பயன்பட்ட பழைய ஆர்த்தோ வகைத் தகடுகள் சிவப்பை உணராதவை. அவற்றில் குங்குமம் கறுப்பாக விழும், மாநிறம்கூட இருண்டு தெரியும். புதிய படத்தில் ஆச்சியின் நெற்றியில் கறுப்புப் பொட்டு இருப்பது அதனால் இருக்கலாம்.

நினைவைப் பற்றிக் கேட்டிருந்தீர்கள், இந்தப் படத்தைப் பார்த்துப் பார்த்து ஆச்சியின் முகமே மறந்துபோகுமா என்று. 2002-ல் வெளிவந்த ஓர் ஆய்வு இருக்கிறது. 20 பேரின் சிறுவயதுப் படத்தை எடுத்து, அவர்கள் வெப்பக் காற்று பலூனில் பறந்தது போல ஒட்டிக் காட்டினார்கள். யாரும் அப்படிப் பறந்ததில்லை. மூன்று முறை பேட்டி கண்ட பிறகு அவர்களில் பாதிப்பேர், முழுதாகவோ கொஞ்சமாகவோ, அந்தப் பயணம் தங்களுக்கு நினைவிருப்பதாகச் சொன்னார்கள். 2007-ல் இத்தாலியில் 299 பேரிடம் நடத்திய இன்னோர் ஆய்வில், 1989-ன் தியானன்மென் சதுக்கப் படத்திலும் 2003-ன் ரோம் பேரணிப் படத்திலும் ஆட்களைச் சேர்த்தும் மாற்றியும் காட்டியபோது, அந்த நிகழ்ச்சிகளைப் பற்றி மக்கள் நினைவில் வைத்திருந்ததே மாறியது. இவை நடக்காத ஒன்றை நடந்ததாக நம்பவைத்த ஆய்வுகள். ஒரு முகத்தை வழவழப்பாக்கினாலும் அதே விளைவு வரும் என்று இவற்றை வைத்து நேராகச் சொல்லிவிட முடியாது. நான் கண்டது இவ்வளவுதான்: ஆச்சியை நேரில் கண்டவர்களுக்குப் படம் ஒரு சாவி, எதைக் காட்டினாலும் அவர்களுக்குள் இருக்கும் முகம் திறக்கும். உங்கள் தம்பிக்குப் புதிய படம் பிடித்ததற்கும் அதுவே காரணமாக இருக்கலாம், அவர் அதற்குள் ஆச்சியைத்தான் பார்க்கிறார். ஆச்சியைக் காணாத உங்கள் பிள்ளைகளுக்கு உள்ளே வேறு முகம் இல்லை. சுவரில் இருப்பதுதான் ஆச்சி.

இதே காரியம் ஒரு நாட்டின் நினைவில் நடந்தபோது என்ன ஆயிற்று என்பதற்குக் கம்போடியாவில் ஓர் உதாரணம் உண்டு. கெமர் ரூஜ் ஆட்சியில் துவோல் ஸ்லெங் சிறைக்குக் கொண்டுவரப்பட்டவர்களை உள்ளே நுழையும்போதே படம் எடுத்தார்கள். அவர்களில் மிகப் பெரும்பாலோர் கொல்லப்பட்டார்கள். 2021 ஏப்ரலில், ஒரு கலைஞர் வண்ணமேற்றிய அந்தப் படங்கள் சிலவற்றை வைஸ் இதழ் வெளியிட்டது. சில முகங்களில் அசலில் இல்லாத புன்னகை இருந்தது. குடும்பத்தினர் கொதித்தார்கள், கம்போடியக் கலாச்சார அமைச்சகம் கண்டித்தது, இதழ் படங்களை நீக்கியது. சாவுக்கு முன் எடுத்த முகத்தில் சிரிப்பை வரைவதைத் திருத்தம் என்று எப்படிச் சொல்வது? கிளிநொச்சியிலும் வவுனியாவிலும், காணாமல் ஆக்கப்பட்ட பிள்ளைகளின் படங்களை ஏந்தி 2017 முதல் தாய்மார்கள் தெருவோரம் உட்கார்ந்தார்கள். வெயிலில் வெளிறிய படங்கள் அவை. அவற்றைத் தெளிவாக்கித் தருகிறோம் என்று யாராவது நல்ல மனதோடு முன்வந்தால்கூட, முகத்தில் செயலி வைக்கவே கூடாது என்பேன். அங்கே படம் சாட்சி. இல்லாத ஒரு கண்ணிமை அதில் சேர்ந்தாலும் சாட்சி கெட்டுவிடும்.

உங்கள் வீட்டில் நிலைமை அவ்வளவு கடுமையானது இல்லை. தம்பியிடம் சண்டை போட வேண்டாம், அவர் ஆசையாகத்தான் செய்திருக்கிறார். நானே கறைகளை நீக்கிச் சம்பாதிக்கிறவன். காகிதத்துக்கு வந்த குறையை நீக்கலாம்: பூஞ்சை, தண்ணீர்க் கறை, பூச்சி அரித்த ஓரம். ஆளுக்கு உரியதைத் தொடக் கூடாது. இரண்டிலும் சேராத ஒன்று உங்கள் படத்தில் இருக்கிறது, நான்காக மடித்த தடம். தாத்தா கொழும்பில் கடை வைத்திருந்தபோது இதைச் சட்டைப்பையில் வைத்திருந்தார் என்று போகிற போக்கில் எழுதியிருக்கிறீர்கள். அந்த மடிப்பு ஆச்சியுடையது இல்லை, வெறும் காகிதத்துடையதும் இல்லை, தாத்தாவுடையது. சுவரில் மாட்டும் பிரதியில் அதை நீக்கிக்கொள்ளுங்கள், ஆனால் மடிப்போடு ஒரு பிரதி கட்டாயம் இருக்கட்டும்.

அசலைச் சட்டத்திலிருந்து எடுக்கும்போது கண்ணாடியோடு ஒட்டியிருந்தால் இழுக்காதீர்கள், தெரிந்தவரிடம் கொண்டுபோங்கள். ஒட்டாமல் வந்தால் குறைந்தது 600 டிபிஐ-யில் (அங்குலத்துக்கு 600 புள்ளி), விவரம் இழக்காத டிஃப் கோப்பாக, எந்தத் திருத்தமும் இல்லாமல் ஸ்கேன் செய்யச் சொல்லுங்கள். பின்பக்கத்தையும் சேர்த்து. அந்தக் கோப்பை இரண்டு இடத்தில் வைத்துவிட்டு, அதன் நகலில் மட்டும் திருத்த வேலை நடக்கட்டும். ஏஐ பிரதியைக் குழுவில் வைத்திருக்க விரும்பினால், படத்தின் கீழ் ஓரத்திலேயே "ஏஐ கொண்டு மாற்றியது" என்று ஆண்டோடு எழுதிவிடுங்கள். கோப்பின் உள்விவரத்தில் எழுதினால் வாட்ஸ்அப்பில் படமாக ஒருமுறை போனாலே அது அழிந்துவிடும்.

உங்கள் பெரியம்மாவுக்கு எண்பதுக்கு மேல் என்றீர்கள். அவர் கையில் பழைய படத்தை மட்டும் கொடுத்து, புதியதைக் காட்டாமல், பேசச் சொல்லி அலைபேசியில் பதிவு செய்யுங்கள். சேலை என்ன நிறம், கன்னத்தில் வடு இருந்ததா, பாம்படம் எத்தனை பவுன், அது பிறகு யாரிடம் போயிற்று என்று கேளுங்கள். இதை மட்டும் தள்ளிப்போட வேண்டாம். பின்பக்கத்தில் ஸ்டூடியோ முத்திரை இருந்தால் அதில் உள்ள ஊர்ப் பெயரையும், எண் ஏதாவது இருந்தால் அதையும் இங்கேயே எழுதுங்கள். எங்கள் பக்கத்து ஸ்டூடியோவாக இருந்தால் எந்த ஆண்டு வாக்கில் எடுத்தது என்று சொல்லப் பார்க்கிறேன்.